பொறாமைக்கு நூற்றுக்கு நான்கு

எங்கள் மலையூர் வல்ஜேவாவில் சம்பளம் வாங்கிக்கொண்டு சூரியனைப் பார்த்தவர்கள் இரண்டு பேர். ஒருவன் கௌடென்ஸ். அவன் சூரியனின் முகத்தைப் பார்த்தான். இன்னொருவன் நான், லூட்சி. சூரியன் நமக்கு என்ன செய்துவிட்டுப் போகிறது என்று பார்த்தேன். முகத்தைப் பார்த்தவனுக்குத்தான் பெயர் கிடைத்தது. இதை வயிற்றெரிச்சலில் சொல்கிறேன் என்று நினைக்க வேண்டாம். எண்பத்தைந்து வயதில் வயிற்றெரிச்சலுக்கு டாக்டர் மாத்திரை கொடுத்திருக்கிறார்.

ஊருக்கு மேலே, கடைசி மாட்டுக்கொட்டகையையும் தாண்டி, எங்கள் ஆய்வுக்கூடம் இருந்தது. மர வீடு. மொட்டை மாடியில் கௌடென்ஸின் தொலைநோக்கி. நேர் கீழே தோட்டத்தில் என் கொட்டகை. இரண்டுக்கும் நடுவே முதல் மாடி ஜன்னலில் உர்சினா உட்கார்ந்திருப்பாள். கைப்பிடி சுற்றும் கணக்கு இயந்திரம் ஒன்று அவளிடம் இருந்தது. எங்கள் இருவரின் எண்களும் அவளிடம்தான் போய்ச் சேரும்.

கௌடென்ஸுக்குப் பெரிய வேலை ஒன்றும் இல்லை. தொலைநோக்கி வழியாக வெள்ளைத் தாளில் சூரியனின் பிம்பம் விழும். அதில் தெரியும் கரும்புள்ளிகளைப் பென்சிலால் வரைய வேண்டும். பிறகு எண்ண வேண்டும். புள்ளிக் கூட்டம் ஒன்றுக்குப் பத்து, தனிப் புள்ளி ஒவ்வொன்றுக்கும் ஒன்று. கூட்டினால் அன்றைய எண். ஒட்டி நிற்பது ஒரு கூட்டமா, பக்கத்துப் பக்கத்தில் நிற்கும் இரண்டு கூட்டமா என்பதை எண்ணுகிறவன்தான் முடிவு செய்வான். மனசாட்சி கொஞ்சம் தூங்கினால் பத்து கூடிவிடும்.

என் வேலை ஓசோன். நம் தலைக்கு மேலே இருபது, இருபத்தைந்து கிலோமீட்டரில் அது பரவிக் கிடக்கிறது. மொத்தத்தையும் தரைக்கு இறக்கி அமுக்கி வைத்தால் மூன்று மில்லிமீட்டர் கனம் வரும், எங்கள் கணக்கில் முந்நூறு. ரொட்டியில் வெண்ணெய் தடவும் கனம். எங்கள் ஊர்க் ‘கரடி’ விடுதிக்காரன் பிளாசி தடவினால் அதிலும் பாதி. அந்த மூன்று மில்லிமீட்டர் இல்லாவிட்டால் வெயில் நம்மை வறுத்துவிடும். அதை அளக்க என்னிடம் சவப்பெட்டி நீளத்தில் ஒரு கருவி இருந்தது. உள்ளே வெயிலை விட வேண்டும். ஓசோன் விழுங்கும் ஒளி ஒன்று, விழுங்காத ஒளி ஒன்று. இரண்டையும் எடை போடுவதுபோல ஒப்பிட்டு, முள் பூஜ்யத்தில் நிற்கும்வரை மேலே உள்ள வட்டத்தைத் திருப்ப வேண்டும். ஆனால் முள் நிற்காது. அது நடுங்கிக்கொண்டே இருக்கும். நின்றுவிட்டது என்று முடிவு செய்வது விரல்.

ஒரே ஒரு முறை நின்றது. ஐம்பத்து மூன்றாம் வருஷம் ஜனவரிக் குளிரில் பூஜ்யத்திலேயே உறைந்துவிட்டது. நாற்பது நாள் ஒரே எண். இவ்வளவு நிலையான கையை உலகத்தில் கண்டதில்லை என்று வெளிநாட்டிலிருந்து பாராட்டுக் கடிதம் வந்தது. உண்மையைச் சொல்லிப் பதில் எழுதலாம் என்று உட்கார்ந்தேன். மையும் உறைந்திருந்தது.

நானும் உர்சினாவும் ஒரே வருஷம் வேலைக்குச் சேர்ந்தோம், நாற்பத்தேழில். கௌடென்ஸ் ஏற்கெனவே இருந்தான். எங்கள் பக்கத்தில் யாரையும் எடுத்த எடுப்பில் நீ என்று கூப்பிட மாட்டார்கள். ஒரு கோப்பை ஒயினை எதிரெதிரே வைத்துக்கொண்டு, பெயரைச் சொல்லி, கோப்பையை இடித்து, இனிமேல் நீ, நான் என்று பேசிக்கொள்வோம் என்று முடிவு செய்ய வேண்டும். கௌடென்ஸ் அவள் வந்த இரண்டாவது வாரமே கோப்பையை இடித்துவிட்டான். நான் நல்ல ஒயின் கிடைக்கட்டும் என்று காத்திருந்தேன். பதினோரு வருஷம் காத்திருந்தேன். அவள் எனக்கு நீங்கள், நான் அவளுக்கு நீங்கள்.

தினமும் காலை ஒன்பதரைக்கு மாடியிலிருந்து சத்தம் வரும்.

"உர்சினா! எழுதிக்கோ! நூத்தி எண்பத்தேழு!"

"பொய்! நேத்து நூத்தி அறுபதுதானே?"

"நேத்து நீ இந்த நீலச் சட்டை போடலையே. சூரியன் பாத்துட்டு வெக்கத்துல புள்ளி வெச்சிருச்சு."

அவள் சிரிப்பாள். கல் தரையில் வெண்கல மாட்டுமணி விழுந்து உருண்டதுபோல ஒரு சிரிப்பு. எனக்குக் கொட்டகைக்குள் கேட்கும். பத்து மணிக்கு நான் வட்டத்தைத் திருப்பி அளக்க வேண்டும். பிறகு என் சீட்டை எடுத்துக்கொண்டு மாடிப்படி ஏறுவேன்.

"இந்தாங்க, உர்சினா."

"முந்நூத்திப் பன்னெண்டு. நன்றி, லூட்சி. வேற ஏதாச்சும் சொல்லணுமா?"

"இல்லீங்க."

அவள் மேஜையில் அவன் வரைந்த சூரியன் இருக்கும். ஓரத்தில் நிழல் கொடுத்து, புள்ளிகளுக்கு இமை மயிர் மாதிரி கோடு இழுத்து, மூலையில் அவன் பெயர். ஒருவன் ஒரு பெண்ணுக்குத் தினம் ஒரு சூரியன் கொடுக்கிறான். இன்னொருவன் முந்நூற்றுப் பன்னிரண்டு கொடுக்கிறான். யாரைப் பார்த்து அவள் சிரிப்பாள், நீங்களே சொல்லுங்கள்.

அந்தச் சூரியன்களைக்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பேன். சீட்டாட்ட மேஜையில் அவன் சொன்னதைத்தான் பொறுக்க முடியவில்லை. கரடி விடுதியில் சனிக்கிழமை மாலை நாலு பேர் யாஸ் என்ற சீட்டாட்டம் ஆடுவோம். ஒருநாள் அவன் துருப்பை இறக்கிவிட்டு ஆரம்பித்தான்.

"லூட்சி, ஒன் ஓசோன் எங்கேருந்து வருது தெரியுமா? என் சூரியன் போடுற பிச்சைடா. புள்ளி கூடுனா புற ஊதா கூடும். அது மேல போய் ஆக்சிஜனை உடைச்சு ஓசோன் பண்ணும். புள்ளி கொறஞ்சா ஒன் ஓசோனும் கொறையும். பதினோரு வருஷத்துக்கு ஒரு தடவ ஏறி எறங்கும். நான் பசு, நீ கன்னுக்குட்டி. நான் போற எடத்துக்கெல்லாம் பின்னாலயே வரணும்."

பிளாசி சூப்பை வைத்துக்கொண்டே சொன்னான். "அப்ப லூட்சிக்கு வேலையே வேணாமே. ஒன்னோட எண்ணைப் பாத்து எழுதிக்கலாமே!"

மேஜையே குலுங்கச் சிரித்தார்கள். நான் சீட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கையில் நாலு ராஜா இருந்தது. அதைச் சொன்னால் புள்ளி கிடைக்கும். சொல்ல மறந்துவிட்டேன். நாலு ராஜாவைக் கையில் வைத்துக்கொண்டு தோற்றவன் எங்கள் பள்ளத்தாக்கில் நான் ஒருவன்தான்.

அன்றைக்குச் சபதம் போட்டேன். ஓசோனுக்கும் சூரியனின் புள்ளிக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை என்று காட்டப் போகிறேன். அதுவும் என் அளவுகளை வைத்தே.

விஷயம் லேசானது இல்லை. மலையைத் தாண்டி இறங்கும் வெப்பக் காற்று, நாங்கள் ஃபோன் என்போம், ஒருநாள் வீசினாலே ஓசோன் நூற்றுக்கு இருபது ஏறும், இறங்கும். ஐம்பத்தொன்றில் ஒரு ஃபோன் அடித்தது பாருங்கள், எதிர்ச் சரிவில் மேய்ந்த புள்ளி மாட்டின் புள்ளிகள் இந்தச் சரிவில் நின்ற வெள்ளை மாட்டின்மேல் வந்து ஒட்டிக்கொண்டன. அப்படிப்பட்ட காற்றுக்கு நடுவே சூரியன் கூட்டுவதும் குறைப்பதும் நூற்றுக்கு இரண்டுதான். கல்யாண வீட்டில் ஒருவர் காதோடு பேசியதைக் கேட்பது போன்ற வேலை. வருஷக்கணக்கில் அளந்து, சராசரி எடுத்து, காற்றையும் பருவத்தையும் கழித்துவிட்டுப் பார்த்தால்தான் தெரியும். எனக்கு வருஷக்கணக்கு இருந்தது. வேறு என்ன இருந்தது எனக்கு?

ஐம்பத்தெட்டு பிப்ரவரியில் இடி விழுந்தது. சூரியன் அப்போது புள்ளி புள்ளியாகக் கொட்டிக்கொண்டிருந்த நேரம். அவ்வளவு புள்ளியை யாரும் கண்டதில்லை. கௌடென்ஸ் ஒரு வாரத்தில் மூன்று பென்சில் தேய்த்தான். நகரத்துப் பெரிய ஆய்வகம் அவனுக்கு வேலை கொடுத்தது. அவன் அதைச் சீட்டு மேஜையில் சொன்னான். கூடவே இன்னொன்றும் சொன்னான்.

"உர்சினாகிட்டயும் கேட்டுட்டேன். கல்யாணம் பண்ணிக்கிட்டு எங்கூட வந்துரு, அங்க ஒனக்கும் கணக்கு வேலை இருக்குன்னு."

"என்ன சொன்னா?" என்றான் பிளாசி.

"மே மாசக் கூட்டம் முடியட்டும், பதினோரு வருஷக் கணக்கை ஒப்படைச்சுட்டுப் பதில் சொல்றேன்னா. அது சரின்னு சொல்ற மாதிரிதான."

மே மாதக் கூட்டத்தில் பேராசிரியர் ஷ்வென்டர் வருவார். ஆய்வுக்கூடத்துக்குத் தலைவர் அவர். சூரியனும் ஓசோனும் சேர்ந்து போகின்றனவா என்று அன்றைக்கு எல்லார் முன்னாலும் பார்ப்பதாக ஏற்பாடு. எனக்குக் கணக்கு சுலபமாக இருந்தது. அந்தக் கூட்டத்தில் கௌடென்ஸ் கன்றுக்குட்டியானால் அவள் போக மாட்டாள். நான் கன்றுக்குட்டியானால் போய்விடுவாள்.

மூன்று மாதம் என் சொந்தக் கணக்கைப் போட்டேன். முடிந்ததும் வீட்டில் தனியாக ஒரு சுற்று நடனமே ஆடினேன். பதினோரு வருஷக் கோடு அப்படியே தலைகீழாக வந்திருந்தது. நாற்பத்தேழில் புள்ளி உச்சம், என் ஓசோன் பள்ளம். ஐம்பத்து நாலில் சூரியன் துடைத்து வைத்த தட்டு மாதிரி இருந்தது, என் ஓசோன் மலை. ஐம்பத்தேழில் புள்ளி மறுபடி உச்சம், ஓசோன் மறுபடி பள்ளம். சூரியன் பிச்சை போடவில்லை. சூரியன் பிடுங்குகிறது!

கூட்டத்தன்று ஆய்வுக்கூடத்து மேஜையில் வரைபடத்தை விரித்து, நாலு மூலைக்கும் நாலு கல் வைத்தேன். பேராசிரியர் கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், போட்டார்.

"லூட்சி, இது நெசம்னா பாடப்புத்தகத்தையெல்லாம் கொளுத்தணுமே."

"தீப்பெட்டி இருக்குங்க, ஐயா," என்றேன்.

கௌடென்ஸ் வெளுத்துவிட்டான். அந்த வெளுப்பை நான் இன்றைக்கும் சில நாள் காலையில் காபியோடு நினைத்துப் பார்ப்பதுண்டு.

அப்போது உர்சினா எழுந்தாள். நீலச் சட்டைதான் போட்டிருந்தாள். கையில் தடித்த நோட்டு.

"ஐயா, இந்தப் படம் தப்பு," என்றாள்.

"கணக்குல தப்பா?"

"கணக்கு சரி. விரல் தப்பு."

நான் விரல்களை மேஜைக்கு அடியில் இழுத்துக்கொண்டேன்.

அவள் நிதானமாகச் சொன்னாள். "எல்லா ஆம்பளைங்க மாதிரி இவங்க ரெண்டு பேரும் வருஷா வருஷம் மூணு வாரம் பட்டாளப் பயிற்சிக்குப் போறாங்க. ஒரே சமயத்துல போக விடமாட்டோம், மாத்தி மாத்தித்தான். கௌடென்ஸ் துப்பாக்கியத் தூக்கிக்கிட்டுப் போன வாரங்களை மட்டும் தனியா எடுத்துப் பாத்தேன். அந்த வாரங்கள்ல லூட்சியோட ஓசோன் ஒழுங்கா சூரியனோட போகுது. புள்ளி கூடுன வருஷம் நூத்துக்கு ரெண்டு கூடுது. லூட்சி போன வாரங்கள்ல நான் அளந்தேன். அதுலயும் அதே ரெண்டு. கௌடென்ஸ் மாடியில நிக்கிற நாள்ல மட்டும்தான் தலைகீழாகுது."

"ஏன்?" என்றார் பேராசிரியர்.

"எனக்கும் புரியல, மொதல்ல. மூணாவது வருஷத்துலேருந்து நோட்டு ஓரத்துல ஒரு புள்ளி வைக்க ஆரம்பிச்சேன். கௌடென்ஸ் எண்ணைக் கத்தி, நான் சிரிச்ச நாளைக்கு ஒரு புள்ளி. புள்ளி இல்லாத நாள்ல லூட்சியோட அளவு சரியா இருக்கு. புள்ளி இருக்குற நாள்ல நூத்துக்கு நாலு கொறையுது. சூரியன்ல புள்ளி நெறைய இருந்தா கௌடென்ஸுக்கு வாய் நீளும், நானும் அதிகம் சிரிப்பேன். சூரியன் ரெண்டு கொடுக்குது, லூட்சி நாலு புடுங்குறாரு."

நான் ஒரு பொய் எண்ணும் எழுதியவன் இல்லை, இதைச் சத்தியம் செய்வேன். முள் நடுங்கும். நின்றது என்று விரல்தான் முடிவு செய்யும். அந்த விரல் அந்தச் சிரிப்பைக் கேட்டுவிட்டு அவசரப்பட்டு அரைக் கோடு முன்னாலேயே நின்றிருக்கிறது. பொறாமைப்பட்டது என் விரல். என்னிடம் அது கேட்கவே இல்லை.

"தற்செயலா இருக்கலாமே," என்றார் பேராசிரியர்.

"அதனாலதான் கடைசி ரெண்டு வருஷம் சோதிச்சுப் பாத்தேன். செவ்வா, வியாழன் வேணும்னே சிரிச்சேன். புதன்கிழமை சிரிப்பு வந்தாலும் கைக்குட்டைய வாயில அமுக்கிக்கிட்டேன். புதன்கிழமை ஓசோன் சரியா இருந்துச்சு."

"வேணும்னேவா?" என்று நான் வாயைத் திறந்தேன். தீப்பெட்டிக்குப் பிறகு அந்தக் கூட்டத்தில் நான் பேசிய ஒரே வார்த்தை அதுதான்.

கௌடென்ஸ் மேஜையைத் தட்டிச் சிரித்தான். "பாத்தியாடா! என் சூரியன்தான் ஜெயிச்சுது! நாந்தான் சொன்னேனே, கன்னுக்குட்டி!"

"ஒன் பக்கம் இன்னும் வரலையே, கௌடென்ஸ்," என்றாள் உர்சினா. பக்கத்தைத் திருப்பினாள். "ஒன்னோட எண்ணிக்கையையும் நகரத்து எண்ணிக்கையையும் பக்கத்துல வெச்சுப் பாத்தேன். கீழ இருக்குற காசநோய் ஆஸ்பத்திரியிலேருந்து பொம்பளைங்க மாடிக்கு வேடிக்கை பாக்க வர்ற நாள்ல ஒனக்கு ஒரு கூட்டம் அதிகமாத் தெரியுது. மூணு பேருக்கு மேல வந்தா ரெண்டு கூட்டம். யாரு வந்தாலும் சரி. போன ஆகஸ்ட்ல ஐயாவோட அம்மா வந்தாங்களே, எண்பத்தோரு வயசு. அன்னிக்கும் பத்து ஏறியிருக்கு."

பேராசிரியர் கண்ணாடியை மறுபடி கழற்றினார். இந்த முறை துடைக்கவில்லை. தோள் குலுங்கிக்கொண்டிருந்தது.

அவள் முடித்தாள். "எந்த அளவுக்காரருக்கும் ஒரு திருத்த எண் உண்டு. கௌடென்ஸுக்கு எட்டுல ஒரு பங்கு கழிக்கணும். லூட்சிக்குப் புள்ளி வெச்ச நாள்ல நூத்துக்கு நாலு கூட்டணும். ரெண்டையும் திருத்துனா இப்படி வருது." அவள் தன் படத்தை என் படத்தின்மேல் விரித்தாள். இரண்டு கோடுகள். ஒன்று சூரியன், ஒன்று ஓசோன். பதினோரு வருஷம் ஒன்றாக ஏறி ஒன்றாக இறங்கின. பார்க்க அழகாகத்தான் இருந்தது. தோற்றவன் சொல்கிறேன்.

நான் என் நாலு கல்லையும் எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டேன். தோட்டத்தில் பனி உருகி ஓடிக்கொண்டிருந்தது. கொட்டகை வாசலில் உட்கார்ந்து, அவளை ஏற்றிப்போகும் ரயில் எத்தனை மணிக்கு என்று யோசித்தேன். நாலு இருபது. வேறு ரயில் கிடையாது.

அவள் பின்னாலேயே வந்தாள். நோட்டு கையில் இருந்தது.

"எந்திரிங்க, லூட்சி. ஒக்காந்த எடம் ஈரம்."

"இருக்கட்டும்ங்க. பட்டாளத்துல பழக்கம்."

"பதினோரு வருஷமா தினம் படியேறி வந்தீங்க. வேற ஏதாச்சும் சொல்லணுமான்னு கேப்பேன். இல்லீங்கன்னுட்டுப் போயிருவீங்க."

"ஆமாங்க."

"ஆனா இதுல எல்லாம் எழுதியிருக்கீங்க." அவள் நோட்டைத் திறந்து என் மூக்குக்கு நேரே நீட்டினாள். "ஆயிரத்தி நானூத்தி ஆறு நாள் சிரிச்சிருக்கேன். ஆயிரத்தி நானூத்தி ஆறு நாளும் கொறைச்சிருக்கீங்க. ஒரு நாள்கூட விட்டுப் போகல. கௌடென்ஸோட தப்பு யாரு வந்தாலும் வருது. ஒங்க தப்பு என்னைத் தவிர யாருக்கும் வரல. ஒங்களுக்குக் காய்ச்சல் அடிச்ச நாள்லகூட நாலுதான்."

"மன்னிச்சிருங்க. இனிமே சரியா அளக்குறேன்," என்றேன்.

"மண்ணாங்கட்டி," என்றாள். கோட்டுப் பையிலிருந்து ஒரு சின்ன ஒயின் புட்டியும் இரண்டு கோப்பையும் எடுத்தாள். மலிவான ஒயின்தான், பிளாசி கடையில் வாங்கியது. ஒரு கோப்பையை என் கையில் திணித்து, தன் கோப்பையால் இடித்தாள். "உர்சினா," என்றாள்.

"அது தெரியும்ங்க."

"பேரச் சொல்லுய்யா!"

"லூட்சி."

நாலு இருபது ரயிலில் கௌடென்ஸ் தனியாகத்தான் போனான். புதிய இடத்திலும் சூரியனில் அவனுக்கு ஒரு கூட்டம் அதிகமாகவே தெரிந்ததாகக் கேள்வி.

கதை இங்கே முடிந்திருந்தால் நான் நல்ல மனிதனாக முடிந்திருப்பேன். போன வருஷம் அவன் திரும்பி வந்துவிட்டான். எங்கள் ஊர் முதியோர் இல்லத்தில், நானும் உர்சினாவும் இருக்கும் அதே மாடியில், இரண்டு கதவு தள்ளி அறை. மனைவி போய்விட்டாளாம், கண் மங்கிவிட்டதாம். மேலே ஆய்வுக்கூடத்தில் இப்போது தானாக அளக்கும் இயந்திரம் வந்துவிட்டது. மோட்டார்தான் வட்டத்தைத் திருப்புகிறது. யார் சிரித்தாலும் அதற்குக் கவலை இல்லை.

காலையில் உணவுக்கூடத்தின் கிழக்கு ஜன்னலில் புகைக் கண்ணாடித் துண்டைப் பிடித்துக்கொண்டு அவன் சூரியனைப் பார்ப்பான்.

"உர்சினா! எழுதிக்கோ! அஞ்சு கூட்டம்!"

"ஒனக்குத் தட்டுல வெச்ச ரொட்டியே தெரியல, புள்ளி தெரியுதாக்கும்?"

"நீ எதிர்ல ஒக்காந்தா எல்லாம் தெரியும்."

அவள் சிரிக்கிறாள். எண்பத்திரண்டு வயதில், அதே மாட்டுமணி, அதே கல் தரை. நான் ரொட்டியில் வெண்ணெய் தடவிக்கொண்டிருக்கிறேன். மூன்று மில்லிமீட்டர் கனத்துக்குத்தான் தடவுவது என் வழக்கம்.

உர்சினா குனிந்து என் ரொட்டியில் வெண்ணெய் மெலிந்த இடத்தைப் பார்க்கிறாள். பிறகு கைப்பையைத் திறந்து, அந்தப் பழைய நோட்டை எடுத்து, பென்சில் முனையை நாக்கில் தொட்டு, ஓரத்தில் ஒரு புள்ளி வைக்கிறாள்.